பரணில் கிடக்கும் பத்திரிகைகள்: வாசகர் கேள்வி – பதில்

சென்ற இதழில் ஒருவர், "பழைய பத்திரிகைகளை இப்போது எதற்குப் படிக்க வேண்டும், நல்லதெல்லாம்தான் புத்தகமாக வந்துவிட்டதே?" என்று கேட்டிருந்தார். ஒரு புத்தகம் உங்களுக்குப் பிடித்திருந்தால் அது முதலில் வந்த பத்திரிகையையும் தேடிப் படியுங்கள் என்று நாலு வரியில் பதில் எழுதியிருந்தேன். அதையொட்டி நிறையக் கடிதங்கள் வந்துவிட்டன. அதனால் சினிமா, அரசியல் கேள்விகள் எல்லாம் அடுத்த இதழுக்கு. இந்த முறை முழுக்கப் படிப்பு பற்றித்தான்.

கேள்வி: அம்மா அந்தக் காலத்தில் வாரப் பத்திரிகைகளிலிருந்து தொடர்கதைகளைப் பிரித்தெடுத்து பைண்டு பண்ணி வைத்திருந்தார்கள். ஒரு பெட்டி நிறைய பரணில் கிடக்கிறது. அதே நாவல்கள் இப்போது நல்ல தாளில் கடையில் கிடைக்கின்றன. எடைக்குப் போட்டுவிடலாமா? (ஒரு வாசகி, தாராபுரம்)

போடாதீர்கள் அம்மா. தயவு செய்து முதலில் ஒரு வால்யூமைக் கீழே இறக்கித் தூசி தட்டிப் பாருங்கள்.

கடையில் கிடைக்கிற புத்தகத்தில் கதை மட்டும்தான் இருக்கும். உங்கள் அம்மா பைண்டு பண்ணியதில் படமும் இருக்கும். தில்லானா மோகனாம்பாளை எடுத்துக்கொள்ளுங்கள், கொத்தமங்கலம் சுப்பு 'கலைமணி' என்ற பெயரில் 1950-களில் விகடனில் எழுதியது. வாராவாரம் கோபுலு போட்ட படங்கள் இல்லாமல் அந்தக் கதையை நினைத்துப் பார்க்கவே அன்றைய வாசகர்களால் முடியாது. நாதஸ்வரத்தைப் பிடித்திருக்கும் விரல், தவில்காரர் உட்காரும் தோரணை, கல்யாண வீட்டுக் கூட்டத்தில் ஓரமாக நிற்பவரின் முகம் என்று அவர் வரைந்தது ஒரு தனி ஆவணம். பொன்னியின் செல்வன் 1950-ல் கல்கியில் தொடங்கியபோது மணியம் வரைந்த படங்களும் அப்படித்தான். வந்தியத்தேவன் எப்படி இருப்பான் என்று தமிழர்கள் மனதில் ஒரு உருவம் இருக்கிறதே, அதில் பாதி மணியம் கொடுத்தது.

அப்புறம் இன்னொன்று. விகடனில் எழுதிய தேவன் 1957-ல் இறந்துபோனார். அவர் உயிரோடு இருந்தவரை அவருடைய நாவல்கள் புத்தகமாக வரவில்லை. துப்பறியும் சாம்புவையும் மிஸ்டர் வேதாந்தத்தையும் திரும்பப் படிக்க ஆசைப்பட்டவர்களுக்கு அன்று இருந்த ஒரே வழி, உங்கள் அம்மா செய்ததுதான். வாராவாரம் பத்திரிகை வாங்கி, வீட்டில் எல்லாரும் படித்து முடிக்கும்வரை காத்திருந்து, பக்கத்தைக் கிழியாமல் பிரித்து, வரிசைப்படி அடுக்கி, பைண்டரிடம் கொடுத்து, காலிகோ முதுகு போட்டு வாங்கி வைப்பார்கள். தைக்கும்போது உள் ஓரத்து எழுத்து ஒன்றிரண்டு தையலுக்குள் போயிருக்கும், புத்தகத்தை நன்றாக விரித்துப் பிடித்துத்தான் படிக்க வேண்டும். அத்தியாயம் முடிந்து 'தொடரும்' என்று போட்டிருக்கும், அதற்குக் கீழே மிச்ச இடத்தில் ஒரு துணுக்கோ அமிர்தாஞ்சனம் விளம்பரமோ இருக்கும். பக்கத்தின் மறுபுறம் வேறொரு கதையின் நடுப்பகுதி வந்திருக்கும், அதற்குத் தலையும் இருக்காது வாலும் இருக்காது. அதையும் விடாமல் படித்த தலைமுறை அது.

என்ன விலைக்கு என்ன விற்றது, எந்த வைத்தியம் எந்த நோய்க்கு என்று விளம்பரம் செய்தார்கள், எந்த நகைச்சுவைத் துணுக்குக்கு அன்று சிரித்தார்கள், மாமியார் மருமகள் பற்றி எதையெல்லாம் கூசாமல் எழுதினார்கள் என்பதெல்லாம் அந்தப் பக்கங்களில்தான் இருக்கிறது. மறுபதிப்பில் இதெல்லாம் போய்விடும். வைத்துக்கொள்ள உங்களுக்கு இடம் இல்லையென்றால் ஏதாவது ஒரு ஆய்வு நூலகத்துக்குக் கொடுங்கள், கீழே இன்னொரு பதிலில் விவரம் இருக்கிறது. எடைக்கு மட்டும் வேண்டாம்.

கேள்வி: கல்லூரியில் முதலாண்டு படிக்கிறேன், தமிழ் இலக்கியம். பழைய பத்திரிகைகளைப் படிக்க வேண்டுமென்றால் எங்கிருந்து ஆரம்பிப்பது? 1882 சுதேசமித்திரனிலிருந்து வரிசையாகப் போகலாமா? (ஒரு மாணவர், விருதுநகர்)

வரிசையாகப் போகாதே தம்பி, ஒரே மாதத்தில் சலித்துவிடும். உனக்குப் பிடித்த ஒரு புத்தகத்திலிருந்து பின்னோக்கிப் போ.

மோகமுள் படித்திருக்கிறாயா? அது சுதேசமித்திரன் வார இதழில் தொடராக வந்த நாவல். கும்பகோணம், சங்கீதம், யமுனா என்று இன்று நாம் தனியாக எடுத்து வைத்துப் பேசுகிற அந்த எழுத்தை, அன்று வாரம் ஒருமுறை, நாட்டு நடப்புகளுக்கும் பஞ்சாங்கக் குறிப்புகளுக்கும் இடையில் வைத்துத்தான் படித்தார்கள். அந்த நாவலில் ஜானகிராமன் ஏன் இவ்வளவு நிதானமாக, பேச்சை விட்டு விட்டு வளர்க்கிறார் என்பது தொடராகப் பார்க்கும்போது நன்றாகப் புரிகிறது.

சுந்தர ராமசாமியின் ஒரு புளியமரத்தின் கதை இன்னும் சுவாரசியம். விஜயபாஸ்கரன் நடத்திய சரஸ்வதி பத்திரிகையில் 1959 வாக்கில் அது தொடராக ஆரம்பித்தது. முடிவதற்குள் பத்திரிகை நின்றுபோனது. நாவல் முழுசாகப் புத்தகமாக வந்தது 1966-ல். இடையில் இருந்த வருடங்களில் எழுதியவருடைய மொழி மாறியிருக்கிறதா, எங்கே மாறியிருக்கிறது என்று சரஸ்வதி இதழ்களையும் புத்தகத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார். ஒரு நல்ல ஆய்வுக் கட்டுரையே எழுதலாம், உன் பேராசிரியரிடம் சொல்லிப் பார்.

அசோகமித்திரனின் கரைந்த நிழல்கள் நா. பார்த்தசாரதியின் தீபம் பத்திரிகையில் வந்தது. அவருடைய தண்ணீர் கணையாழியில் வந்தது. தீபமும் கணையாழியும் 1965-ல் தொடங்கியவை, ஒன்று சென்னையிலிருந்து, இன்னொன்று டெல்லியிலிருந்து; இரண்டின் குணமும் வேறு வேறு. அசோகமித்திரன் இரண்டிலும் எழுதியிருக்கிறார் என்பதால் இரண்டையும் சேர்த்து வைத்துப் படிக்க அவர் ஒரு நல்ல நுழைவாயில்.

ஜெயகாந்தனின் அக்கினிப் பிரவேசம் 1966-ல் விகடனில் வந்தபோது எழுந்த சண்டையை எல்லாரும் சொல்லக் கேட்டிருப்பாய். ஒருவனால் கெடுக்கப்பட்டு வீடு திரும்பிய மகளின் தலையில் ஒரு தாய் தண்ணீரை ஊற்றி, "நீ சுத்தமாகிவிட்டாய்" என்று சொல்லிவிடுவதை வாசகர்கள் பலரால் ஏற்கவே முடியவில்லை. அந்தத் தாய் அப்படிச் சொல்லாமல் ஊரைக் கூட்டியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று ஜெயகாந்தன் யோசித்ததுதான் பிறகு தினமணி கதிரில் 'காலங்கள் மாறும்' என்ற தலைப்பில் தொடராக வந்து, புத்தகமாகும்போது சில நேரங்களில் சில மனிதர்கள் ஆனது. ஒரு சிறுகதை, அதற்கு எழுந்த எதிர்ப்பு, அதிலிருந்து ஒரு நாவல். பத்திரிகையைத் தள்ளிவிட்டு இந்த நாவல் ஏன் எழுதப்பட்டது என்று உன்னால் விளக்கவே முடியாது.

புதுமைப்பித்தனுக்கு மட்டும் உனக்குக் கொஞ்சம் வேலை குறைவு. ஆ. இரா. வேங்கடாசலபதி பதிப்பித்த முழுத் தொகுப்பில் ஒவ்வொரு கதையும் எந்தப் பத்திரிகையில் எந்தத் தேதியில் வந்தது என்று கொடுத்திருக்கிறார். அதைக் கையில் வைத்துக்கொண்டு மணிக்கொடியில் வந்தவற்றையும் (பொன்னகரம், துன்பக்கேணி) 1943-ல் கலைமகளில் வந்தவற்றையும் (காஞ்சனை, சாப விமோசனம், கடவுளும் கந்தசாமிப் பிள்ளையும்) தனித்தனியாகப் படி. ஒரே ஆள்தானா இவர் என்று தோன்றும். கலைமகள் போன்ற அடக்கமான பத்திரிகையில் சாப விமோசனம் எப்படி வந்தது என்று ஆச்சரியப்படாமல் இருக்க முடியாது. கி.வா.ஜ. என்கிற கி.வா. ஜகந்நாதனைப் பற்றி 'பழைய பண்டிதர்' என்று மட்டும் நினைத்துக்கொண்டிருப்பவர்கள், அவர் ஆசிரியராக இருந்த பத்திரிகையில்தான் இந்தக் கதைகள் வந்தன என்பதை மறந்துவிடக் கூடாது.

கேள்வி: மணிக்கொடி, மணிக்கொடி என்கிறார்களே, அவ்வளவு பெரிய பத்திரிகையா? (ஒரு வாசகர், பழனி)

விற்பனையில் பெரிதில்லை, ஆயுளும் குறைவு. 1933 செப்டம்பரில் கே. சீனிவாசன், வ.ரா., டி.எஸ். சொக்கலிங்கம் மூன்று பேரும் சேர்ந்து அரசியல் வாரப் பத்திரிகையாகத் தொடங்கினார்கள், 1935-ல் பி.எஸ். ராமையா கைக்கு வந்தபிறகுதான் அது சிறுகதைப் பத்திரிகையானது. அந்தப் பத்தாண்டு முடிவதற்குள் நின்றும் போனது. முதல் கட்டத்து மணிக்கொடியை யாரும் பேசுவதில்லை. எனக்கென்னவோ வ.ரா. அதில் எழுதிய நடைச்சித்திரங்களுக்காகவே அந்த முதல் கட்டமும் முக்கியம் என்று படுகிறது. தெருவில் நாம் தினம் பார்க்கிற ஆட்களைப் பற்றி, அலங்காரம் இல்லாமல், குறுக்கு வெட்டாக எழுதுவார். இன்று உரைநடை எழுத வருகிறவர்கள் படிக்க வேண்டியது அது.

மூல இதழ்கள் கைக்குக் கிடைப்பது கஷ்டம். சிட்டி, அசோகமித்திரன், ப. முத்துக்குமாரசுவாமி மூவரும் சேர்ந்து தொகுத்த மணிக்கொடி இதழ்த் தொகுப்பு நூலகங்களில் இருக்கும். ராமையாவே எழுதிய மணிக்கொடி காலம் (அதுவும் தீபத்தில் தொடராக வந்ததுதான்) அந்த வருடங்களை உள்ளிருந்து சொல்கிறது. மொத்தச் சிறுபத்திரிகை வரலாற்றுக்கு வல்லிக்கண்ணனின் தமிழில் சிறு பத்திரிகைகள் ஒன்று போதும். அவர் யாரையும் திட்டமாட்டார், யாரையும் விடமாட்டார். இரண்டு மூன்று இதழோடு நின்றுபோன பத்திரிகைக்கும் அதில் ஒரு இடம் உண்டு.

கேள்வி: கவிதை படிக்க ஆசை. ஆனால் புதுக்கவிதை என்றாலே புரியவில்லை. பழைய பத்திரிகை ஏதாவது உதவுமா? (ஒரு வாசகி, மன்னார்குடி)

உதவும். 'எழுத்து' என்ற பத்திரிகையின் இதழ்களைப் பாருங்கள். சி.சு. செல்லப்பா 1959 ஜனவரியில் தொடங்கி 1970 வரை, கைக்காசைப் போட்டு நடத்தினார், 119 இதழ்கள். ந. பிச்சமூர்த்தி, நகுலன், பசுவய்யா என்ற பெயரில் சுந்தர ராமசாமி, சி. மணி, திருகோணமலையிலிருந்து எழுதிய தருமு சிவராமு என்கிற பிரமிள் எல்லாரும் அதில் எழுதினார்கள். எழுத்தில் என்ன வசதியென்றால், கவிதையும் வரும், அந்தக் கவிதை என்ன செய்கிறது என்ற விவாதமும் அடுத்தடுத்த இதழ்களில் வரும். "இது கவிதையே இல்லை" என்று அன்று ஒருத்தர் கோபமாக எழுதியிருப்பார், அதற்கு இன்னொருவர் வரி வரியாக எடுத்துப் பதில் சொல்லியிருப்பார். உங்களுக்கு இருக்கிற அதே சந்தேகம் அன்று படித்தவர்களுக்கும் இருந்தது. அவர்கள் சண்டை போட்டுத் தீர்த்துக்கொண்டதை நீங்கள் உட்கார்ந்து படித்துத் தெரிந்துகொள்ளலாம்.

தொகுப்பாக வேண்டுமென்றால் செல்லப்பா 1962-ல் கொண்டுவந்த புதுக்குரல்கள். 24 பேருடைய 63 கவிதைகள். அவருடைய முன்னுரையையும் விடாதீர்கள். புத்தக மூட்டையைச் சுமந்துகொண்டு கல்லூரி கல்லூரியாகப் போய் விற்ற மனிதர் அவர். தமிழ்க் கவிதை அவருக்கு எவ்வளவு கடன்பட்டிருக்கிறது என்பதைச் சத்தமாகவே சொல்ல வேண்டும்.

கேள்வி: பாரதியார் கவிதைகள் வீட்டில் இருக்கிறது. அதற்கு மேல் பாரதியில் படிக்க என்ன இருக்கிறது? (ஒரு வாசகர், கடலூர்)

பாதிக்கு மேல் இருக்கிறது. பாரதி தொழிலால் பத்திரிகைக்காரர். 1904-ல் சுதேசமித்திரனில் உதவி ஆசிரியராகச் சேர்ந்தார். அடுத்த வருடம் சக்ரவர்த்தினி என்ற பெண்கள் பத்திரிகை, 1906-லிருந்து இந்தியா வாரப் பத்திரிகை, கைது பயத்தில் 1908-ல் புதுச்சேரிக்குப் போய் அங்கிருந்தும் அதையே நடத்தினார். கடைசி ஒரு வருடம் மறுபடியும் சுதேசமித்திரன். அவர் சம்பளத்துக்கு எழுதியதெல்லாம் உரைநடை. அதைப் படிக்காமல் பாரதியைத் தெரியும் என்று சொல்லிக்கொள்வது எனக்குச் சரியாகப் படவில்லை.

இவற்றையெல்லாம் பழைய தாள்களிலிருந்து நமக்காகத் தேடிக் கொடுத்தவர்கள் சிலர் இருக்கிறார்கள். பெ. தூரன் சுதேசமித்திரனின் பழைய கோப்புகளைப் புரட்டி பாரதி தமிழ் என்று 1953-ல் கொண்டுவந்தார். ரா.அ. பத்மநாபன் சித்திரபாரதியையும் பாரதி புதையல் தொகுதிகளையும் தந்தார். இளசை மணியன் இந்தியா பத்திரிகையில் இருந்தவற்றை பாரதி தரிசனம் என்று தொகுத்தார். சீனி. விசுவநாதன் எல்லாவற்றையும் காலவரிசையில் அடுக்கிப் பல தொகுதிகளாகப் பதிப்பித்தார், ஒரு மனிதர் தன் ஆயுளையே கொடுத்துச் செய்த வேலை அது. உங்களுக்கு முதலில் எதை எடுப்பது என்று குழப்பமாக இருந்தால் தராசு கட்டுரைகளை எடுங்கள். கடையில் ஒரு தராசு, வருகிறவர்கள் கேள்வி கேட்பார்கள், அது பதில் சொல்லும். கேள்வி பதில் எழுதுகிற எனக்கு அதைப் படிக்கும்போதெல்லாம் பொறாமையாக இருக்கும்.

கேள்வி: பெண்கள் நடத்திய பழைய பத்திரிகை உண்டா? (ஒரு வாசகி, செங்கல்பட்டு)

உண்டு. முதலில் வை.மு. கோதைநாயகி அம்மாளின் ஜகன்மோகினி. 1925-ல் அவர் கைக்கு வந்து, முப்பது வருடங்களுக்கு மேல் அவரே ஆசிரியர், அவரே முக்கிய எழுத்தாளர். ஐந்து வயதில் கல்யாணமாகி, பள்ளிக்கூடம் போகாமல் வளர்ந்தவர். முதலில் எழுதிய நாடகத்தை இவர் சொல்லச் சொல்ல ஒரு தோழிதான் எழுதிக் கொடுத்தார். பிறகு 115 நாவல்கள் எழுதினார், விடுதலைப் போராட்டத்தில் சிறைக்கும் போனார். நாவல்களில் நீட்டல் அதிகம், திடீர்த் திருப்பங்கள் அதிகம், அதை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் அன்று நடுத்தர வீடுகளில் பெண்கள் எதைப் பற்றி நினைத்தார்கள், விதவை வாழ்க்கை பற்றி, வரதட்சணை பற்றி எவ்வளவு தூரம் பேச முடிந்தது என்று தெரிந்துகொள்ள ஜகன்மோகினியை விட்டால் வேறு வழி கிடையாது. நாவலை விட இதழாகப் படியுங்கள்.

கேள்வி: யாழ்ப்பாணத்தில் பிறந்து, இப்போது ஸ்காபரோவில் இருக்கிறேன். நீங்கள் சென்னைப் பத்திரிகைகளையே எழுதுகிறீர்கள். எங்கட பத்திரிகைகளும் இருக்கல்லோ? (ஒரு வாசகர், கனடா)

நீங்கள் சொல்வது நியாயம். தமிழ்ப் பத்திரிகை வரலாற்றையே 1841-ல் யாழ்ப்பாணத்தில் வந்த உதயதாரகையை விட்டுவிட்டு எழுத முடியாது. சுன்னாகத்திலிருந்து நா. பொன்னையா 1930-லிருந்து நடத்திய ஈழகேசரியில்தான் இலங்கையர்கோன், சி. வைத்தியலிங்கம், சம்பந்தன் போன்றவர்களின் கதைகளைப் படிக்க வேண்டும். 1946-ல் வந்த மறுமலர்ச்சி குறைந்த காலமே வந்தாலும் ஈழச் சிறுகதைக்கு அது பெரிய பலம்.

எனக்கு நெருக்கமானது மல்லிகை. டொமினிக் ஜீவா 1966-லிருந்து 2012 வரை நடத்தினார். யாழ்ப்பாணம் கஸ்தூரியார் வீதியில் இருந்த ஜோசப் சலூனில், முடிவெட்டும் தொழிலைச் செய்துகொண்டே பத்திரிகையை ஆரம்பித்தவர். சாதியின் பெயரால் பள்ளிக்கூடத்தை விட்டே வெளியேற நேர்ந்த ஒருவர், தன் நாட்டின் எழுத்தாளர்களை அட்டையில் போட்டு மாதா மாதம் பத்திரிகை கொண்டுவந்தார், அதைத் தானே தெருவில் தூக்கிக்கொண்டு போய் விற்றார். அவருடைய சுயசரிதை எழுதப்படாத கவிதைக்கு வரையப்படாத சித்திரம். மல்லிகையைத் தொடுவதற்கு முன்னால் அதைப் படித்துவிடுங்கள். பிறகு 1975-ல் தொடங்கிய 'அலை' பத்திரிகை, வேறு மாதிரியான ரசனை, மல்லிகையோடு முரண்பட்டது. இரண்டையும் சேர்த்துப் படித்தால்தான் அந்தக் கால விவாதம் முழுசாக விளங்கும்.

1981-ல் யாழ்ப்பாண நூலகத்தை எரித்தபோது 97,000 நூல்கள் போயின. அதே நாட்களில் ஈழநாடு பத்திரிகை அலுவலகத்தையும் எரித்தார்கள். தாள் எவ்வளவு சுலபமாக இல்லாமல் போகும் என்று ஈழத்தவர்களுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. 2005-ல் தொடங்கிய நூலகம் இணையத்தளம் அதனால்தான் இவ்வளவு பிடிவாதமாக ஸ்கேன் செய்துகொண்டிருக்கிறது. உங்கள் வீட்டில் ஒரு பழைய விழா மலர், ஒரு பள்ளிக்கூட ஆண்டு மலர் இருந்தால்கூட அவர்களுக்கு அனுப்புங்கள்.

கேள்வி: எல்லாம் சரி, இதெல்லாம் எங்கே போய்ப் படிப்பது? (ஒரு வாசகர், நாமக்கல்)

நேரில் போவதென்றால் முதலில் சென்னை தரமணியில் இருக்கும் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம். கோட்டையூரில் வாழ்ந்த ரோஜா முத்தையா விளம்பரப் பலகை எழுதுகிற ஓவியர். ஒரு தனி மனிதர் சேர்த்த நூல்களும் இதழ்களும் நோட்டீசுகளும் சினிமாப் பாட்டுப் புத்தகங்களும்தான் அந்த நூலகத்தின் அடித்தளம். அவர் 1992-ல் மறைந்த பிறகு சிகாகோ பல்கலைக்கழகம் அந்தச் சேகரிப்பை வாங்கியது, ஆனால் வெளிநாட்டுக்குக் கொண்டுபோகாமல் இங்கேயே நூலகமாக்கினார்கள். நல்ல முடிவு. புதுக்கோட்டையில் ஞானாலயா என்ற நூலகம் இருக்கிறது, முதல் பதிப்புகளுக்கும் முதல் இதழ்களுக்கும் பேர்போனது. முன்கூட்டியே தகவல் சொல்லிவிட்டுப் போவது நல்லது. பழைய தமிழ் நூல்களுக்குச் சென்னையில் கன்னிமரா நூலகமும் அதே வளாகத்தில் இருக்கும் மறைமலை அடிகள் நூலகமும். பெசன்ட் நகரில் உ.வே.சா. நூலகம்.

போக முடியாதவர்களுக்குத் தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகம் பெரிய உதவி. பழைய இதழ்கள் நிறைய ஏற்றியிருக்கிறார்கள், இலவசம். தேடுவதில் ஒரு சூட்சுமம்: ஒரே பத்திரிகையின் பெயரைப் பல விதமாக எழுதிப் பாருங்கள், 'குடிஅரசு', 'குடி அரசு', 'குடியரசு' என்று. ஒன்றில் வராதது இன்னொன்றில் வரும். தமிழ் முரசின் பழைய நாளிதழ்களைச் சிங்கப்பூர் தேசிய நூலகம் இணையத்தில் வைத்திருக்கிறது. கோ. சாரங்கபாணி 1935-ல் தொடங்கிய பத்திரிகை, மலாயாத் தமிழர் வாழ்க்கை முழுக்க அதில் இருக்கிறது. பினாங்கிலும் ரங்கூனிலும் இருந்த தாத்தாக்களைப் பற்றித் தேடுகிறவர்கள் கட்டாயம் பார்க்க வேண்டும்.

கேள்வி: ஒரே ஒரு புத்தகம், ஒரே ஒரு பத்திரிகை சொல்லுங்கள். நேரம் கிடையாது. (ஒரு வாசகர், ஓசூர்)

இரண்டுக்கும் ஒரே ஆள். ஏ.கே. செட்டியார்.

பத்திரிகை, குமரி மலர். 1943-ல் தொடங்கி, 1983-ல் அவர் சாகிறவரை நடத்தினார். மற்றவர்கள் புதுச் சரக்கு தேடி ஓடிக்கொண்டிருந்தபோது இவர் பழைய பத்திரிகைகளில் மறந்துபோன நல்ல கட்டுரைகளை எடுத்து மறுபடி அச்சிட்டார். ஒரு இதழைப் புரட்டினால் பத்துப் பழைய இதழ்களைப் புரட்டிய மாதிரி. விளம்பரத்துக்கு ஆசைப்படாதவர், தன் பெயரை எங்கும் முன்னால் நிறுத்தாதவர். காந்தி உயிரோடு இருக்கும்போதே நாடு நாடாகச் சுற்றிப் படச்சுருள்களைச் சேர்த்து 1940-ல் ஆவணப்படம் எடுத்த மனிதர் என்பது இன்று பலருக்குத் தெரியவே தெரியாது.

புத்தகம், அவர் தொகுத்த தமிழ்நாடு: பயணக் கட்டுரைகள். நம் ஊர்களைப் பற்றிப் பல காலத்தில் பல பேர் எழுதியதைத் தேடிச் சேர்த்திருக்கிறார். மாட்டு வண்டியில் போனவர்கள், புது ரயிலைக் கண்டு பயந்தவர்கள், சத்திரத்துச் சாப்பாட்டைத் திட்டுகிறவர்கள், கோயில் யாத்திரை போனவர்கள் எல்லாரும் வருகிறார்கள். எந்தப் பக்கத்தைத் திறந்தும் படிக்கலாம் என்பதால் நேரமில்லாதவர்களுக்கு ஏற்றது.

கேள்வி: என் சரித்திரம் படித்தேன், பாதியில் நின்றுபோனது போல இருந்தது. அடுத்த பாகம் உண்டா? (ஒரு வாசகி, கும்பகோணம்)

கிடையாது, அது உண்மையிலேயே பாதியில் நின்றதுதான். விகடனில் 1940 ஜனவரியில் தொடங்கி வாராவாரம் எழுதினார் உ.வே.சா., அப்போது அவருக்கு 85 வயது நெருங்கிக்கொண்டிருந்தது. 122 அத்தியாயம் வந்தது. 1942 ஏப்ரலில் ஜப்பான்காரன் குண்டு போடுவான் என்ற பயத்தில் சென்னையே காலியானபோது அவரைத் திருக்கழுக்குன்றத்துக்கு அழைத்துப்போனார்கள், அங்கே 28-ஆம் தேதி காலமானார். கதை 19-ஆம் நூற்றாண்டின் கடைசியோடு நின்றுவிட்டது, அதற்குப் பிந்தைய நாற்பது வருடத்தை அவர் எழுதவே இல்லை. புத்தகமாக வந்தது 1950-ல். அதைத் தொடர்ந்து தெரிந்துகொள்ள கி.வா.ஜ.வின் என் ஆசிரியப்பிரான் இருக்கிறது. கூடவே உ.வே.சா. கலைமகள் போன்ற இதழ்களில் எழுதிய சின்னச் சின்ன உரைநடைக் கட்டுரைகளின் தொகுப்புகளையும் படியுங்கள். பெரியவர் பேசும்போது வருகிற மெல்லிய சிரிப்பு அவற்றில்தான் அதிகம்.

கேள்வி: பழைய புத்தகக் கடையில் ஒரு பழைய பத்திரிகையின் முதல் இதழுக்கு ஆயிரக்கணக்கில் விலை சொல்கிறார்கள். வாங்கலாமா? (ஒரு வாசகர், சென்னை)

படிப்பதற்கென்றால் வேண்டாம். முதல் இதழ்கள் பெரும்பாலும் நோக்க அறிக்கையும் வாழ்த்துச் செய்தியுமாகத்தான் இருக்கும். அதே காசுக்கு இரண்டாம் மூன்றாம் வருடத்து இதழ்கள் கட்டாகக் கிடைத்தால் வாங்குங்கள், பத்திரிகை தன் குரலைக் கண்டுபிடித்திருக்கிற காலம் அது. தீபாவளி மலர்கள் கிடைத்தால் விடாதீர்கள்.

கேள்வி: ஆறாம் வகுப்புப் பையன், போனை விட்டு நகர மாட்டேன் என்கிறான். அவனுக்கு? (ஒரு வாசகி, ஈரோடு)

பழைய அம்புலிமாமாவும் பூந்தளிரும். 1947-லிருந்து வந்த அம்புலிமாமாவில் சங்கர் வரைந்த, வேதாளத்தைத் தோளில் சுமந்து வாளோடு போகும் விக்கிரமாதித்தன் படம் இன்றைக்கும் பிள்ளைகளைப் பிடித்து நிறுத்துகிறது. பூந்தளிரில் கபீஷும் காக்கை காளியும். அறிவியலில் ஆர்வம் இருந்தால் 'துளிர்' பத்திரிகை. ஒன்று மட்டும், "படி" என்று கையில் கொடுக்காதீர்கள். சாப்பாட்டு மேசையில் போட்டு வையுங்கள், நீங்களும் எடுத்துப் படியுங்கள்.

கேள்வி: தாத்தாவின் இதழ்கள் பொடிப்பொடியாக உதிர்கின்றன. எப்படிக் காப்பாற்றுவது? (ஒரு வாசகர், தஞ்சாவூர்)

செய்தித்தாள் காகிதத்திலேயே அமிலம் இருக்கிறது, வெயிலும் சூடும் பட்டால் சீக்கிரம் பழுத்து நொறுங்கும். ஓட்டு வீட்டுப் பரண் அதற்கு எமன். முதலில் அங்கிருந்து இறக்கி, காற்றோட்டமான, சுவரை ஒட்டாத இடத்தில் படுக்கை வசமாக அடுக்குங்கள். பிளாஸ்டிக் உறையில் இறுக்கி மூடாதீர்கள், உள்ளே ஈரம் கோத்துப் பூஞ்சை பிடிக்கும். பழைய வேட்டித் துணியில் சுற்றுவது எவ்வளவோ மேல். கிழிந்ததை செல்லோ டேப் போட்டு ஒட்டவே ஒட்டாதீர்கள், சில வருடத்தில் பசை மஞ்சளாகி எழுத்தையும் தின்றுவிடும். லாமினேஷனும் வேண்டாம். தாளைத் தின்னும் ராமபாணப் பூச்சிக்கு வசம்பும் காய்ந்த வேப்பிலையும் துணியில் முடிந்து பக்கத்தில் வையுங்கள், தாளுக்குள் வைக்க வேண்டாம், கறை படியும்.

ஏற்கெனவே உதிர்கிற இதழ்களை மறுபடி மறுபடி புரட்டாதீர்கள். ஒரே ஒரு முறை, பகல் வெளிச்சத்தில், மேசையில் விரித்து வைத்து, அட்டையிலிருந்து கடைசிப் பக்கம் வரை விளம்பரம் உட்பட வரிசையாகப் போட்டோ எடுத்துக்கொள்ளுங்கள். போன் கேமரா போதும், ஃபிளாஷ் வேண்டாம். படங்களை வைக்கிற கோப்புக்குப் பத்திரிகையின் பெயர், வருடம், மாதம், இதழ் எண் நான்கையும் பெயராகக் கொடுங்கள். அட்டை போய்விட்ட இதழென்றால் அச்சிட்டவர் பெயரும் முகவரியும் பெரும்பாலும் கடைசிப் பக்கத்தின் அடியில் சின்ன எழுத்தில் இருக்கும், அதைத் தனியாக ஒரு படம் எடுங்கள்.